முறைமன்றத்தில் வல்லரசு



மாந்த உரிமை என்னும் சொல்லை உலக அவைகளில் ஓயாது பலுக்கிவரும் நாடு எது என உசாவின், அமெரிக்க ஒன்றிய நாடுகள் என்றே பலரும் விடையிறுப்பர். அவ்வுரிமைகளைக் காக்க எழுந்த உடன்படிக்கைகளுக்கும் மன்றங்களுக்கும் தன்னை உட்படுத்திக்கொள்ள நெடுங்காலம் தயங்கிநின்ற நாடுகளுள் முன்னிற்பது எது என உசாவினும், அதற்கும் விடை அந்நாடே. பிறரை அளக்கக் கோலெடுப்பவன், அதே கோலால் தன்னை அளக்கவந்தால் கதவடைக்கின்றான். இஃது ஓர் ஆட்சியின் குற்றமா, அன்றி அந்நாட்டு அரசியலிலேயே ஊறிய பழக்கமா என்பதே இன்று ஆராயத்தக்கது.

நெதர்லாந்து நாட்டின் ஏகு நகரில் உலக முறைமன்றம் இருக்கின்றது. அங்கு வந்த இரண்டு வழக்குகளை அடுத்தடுத்து வைத்துப் பார்த்தாலே செய்தியின் பெரும்பகுதி விளங்கிவிடும். ஒன்றில் அமெரிக்கா வழக்காளி; மற்றொன்றில் எதிராளி. இரண்டும் பதிவான நாள்களுக்கு இடையே ஐந்தாண்டுகூட இல்லை.

1979 நவம்பர் 4-ஆம் நாள் ஈரானின் தலைநகராகிய தெக்ரானில் அமெரிக்கத் தூதரகத்தை மாணவர் கூட்டம் ஒன்று கைப்பற்றியது. தூதரகத்தார் பிணையராக அடைக்கப்பட்டனர். அம்மாதம் 29-ஆம் நாளே அமெரிக்கா உலக முறைமன்றத்தின் கதவைத் தட்டியது. திசம்பர் 15-ஆம் நாள், பிணையரை விடுவிக்குமாறு மன்றம் இடைக்கால ஆணை பிறப்பித்தது. 1980 மே 24-ஆம் நாள் தீர்ப்பும் அமெரிக்காவின் பக்கமே வந்தது. ஈரான் மன்றத்துக்கு வரவேயில்லை. இருபத்தைந்து ஆண்டுகளாகத் தன் நாட்டில் அமெரிக்கா செய்துவந்த தலையீட்டை விட்டுவிட்டு இவ்வொன்றை மட்டும் தனியே பிரித்து ஆராய்வது முறையன்று என மடல் எழுதியதோடு நின்றுவிட்டது. மன்றத்துக்கு வாராமையும் அதன் ஆணையை மதியாமையும் நாகரிக நாடுகளுக்கு அடாதன என்று அன்று அமெரிக்கா முழங்கியது. முழக்கம் சரியானதே. தூதரைச் சிறைவைத்தல் எந்நாட்டு அறத்துக்கும் ஒவ்வாதது. ஆயினும், தீர்ப்பு வருமுன்பே ஏப்பிரல் இறுதியில் அமெரிக்கா தானே படையனுப்பிப் பிணையரை மீட்க முயன்று தோற்றது என்பதையும், அதுபற்றித் தன் கவலையை மன்றம் தீர்ப்பிலேயே பதிந்தது என்பதையும் ஓரத்தில் குறித்துக்கொள்க.

இனி இரண்டாவது வழக்கு. நடு அமெரிக்காவில் நிகராகுவா என்றொரு சிறுநாடு. அங்கு 1979-இல் சொமோசா குடும்பத்தின் கொடுங்கோலாட்சி வீழ்ந்து சாந்தினித்தர் ஆட்சி ஏறியது. இரீகன் குடியரசுத் தலைவரானபின், அவ்வாட்சியைக் கவிழ்க்க எழுந்த 'கொந்திரா' படையினர்க்குப் பணமும் பயிற்சியும் படைக்கலமும் அமெரிக்காவிலிருந்து சென்றன. 1984 தொடக்கத்தில் ஒருபடி மேலே சென்று, நிகராகுவாவின் துறைமுக நீர்களிலேயே கண்ணிவெடிகள் இடப்பட்டன. இட்டவர் அமெரிக்க நடுவண் உளவுத்துறையின் ஏவலர். பிறநாட்டு வணிகக் கலங்களும் சேதமுற்றன. வரும் கலங்களுக்கு முன்னெச்சரிக்கையும் தரப்படவில்லை. செய்தி வெளிப்பட்டபோது அமெரிக்க மேலவையே வெகுண்டு, 84 பேர் இசைய, 12 பேர் மறுக்க, அச்செயலைக் கண்டித்தது.

நிகராகுவா முறைமன்றத்துக்குச் செல்லப்போகின்றது என்பது அமெரிக்காவுக்குத் தெரிந்துவிட்டது. உடனே என்ன செய்தது? 1984 ஏப்பிரல் 6-ஆம் நாள், நடு அமெரிக்க நாடுகளோடு எழும் வழக்குகளில் இரண்டாண்டுக் காலம் மன்றத்தின் ஆளுகை தனக்குச் செல்லாது என ஒன்றிய நாடுகள் அவைக்கு ஓலை விடுத்தது. நிகராகுவா வழக்கைப் பதிந்தது மூன்று நாள் கழித்து, 9-ஆம் நாள். ஆனால், மன்றத்தின் ஆளுகையை ஏற்று அமெரிக்கா 1946-இல் எழுதித்தந்த அறிக்கையில், விலகுவதாயின் ஆறுமாத முன்னறிவிப்புத் தருவேன் என்று தானே எழுதியிருந்தது. தன் கையால் எழுதிய அவ்வரியிலேயே வல்லரசின் கால் இடறிற்று. மூன்று நாள் ஆறுமாதம் ஆகாது எனக் கூறி, வழக்கை உசாவத் தனக்கு ஆளுகை உண்டென்று 1984 நவம்பரில் மன்றம் முடிவுசெய்தது. 1985 சனவரியில் அமெரிக்கா வழக்கைவிட்டு வெளியேறியது. அவ்வாண்டு அக்டோபரில், 1946-இல் தந்த அறிக்கையையே திரும்பப் பெற்றுக்கொண்டது.

முறைமன்றம் என்றவுடன் தமிழர் நெஞ்சில் தோன்றுவது பாண்டியன் நெடுஞ்செழியன் அவை. அயல்நாட்டிலிருந்து வந்த ஒருத்தி, கணவனை இழந்தவள், கையில் ஒற்றைச் சிலம்போடு வாயிலில் நிற்கின்றாள். அவளை உள்ளே அழைக்காமல் இருக்க அரசனுக்கு ஆயிரம் வழிகள் இருந்தன. அவன் அழைத்தான், கேட்டான், சிலம்பை வைக்கச்சொன்னான், பரல் தெறித்தபோது தன்னையே குற்றவாளியாக்கிக்கொண்டு உயிர்விட்டான். தவறிய அரசன்தான், எனினும் வழக்கைவிட்டு ஓடாத அரசன். இங்கோ, சிலம்பு உடையுமுன்பே அவையை விட்டு எழுந்துபோனது அமெரிக்கா.

எதிராளி இல்லாமலே உசாவல் நடந்தது. நிகராகுவாவின் பக்கம் நின்று வழக்குரைத்தவருள் தலையாயவர் ஓர் அமெரிக்கர் என்பது பலர் அறியாதது. ஆபிராம் சேய்சு என்பார், கென்னடி ஆட்சியில் அமெரிக்க அயலுறவுத்துறையின் சட்ட அறிவுரைஞராக இருந்தவர்; பின் ஆர்வர்டுப் பல்கலைக்கழகத்தில் சட்டப் பேராசிரியர். சான்று கூறியவருள் ஒருவரும் அமெரிக்க உளவுத்துறையில் ஆய்வாளராக இருந்த தாவீது மக்மைக்கேல். அவர் ஒருபக்கச் சான்றாளரும் அல்லர். நிகராகுவாவிலிருந்து எல் சால்வதோர் கிளர்ச்சியாளர்க்கு 1981 தொடக்கம்வரை படைக்கலங்கள் சென்றன என்பதை உசாவலில் ஒப்புக்கொண்டார். தம்மை அழைத்துவந்த நாட்டுக்கு உதவாத உண்மையையும் மறையாது உரைத்த அச்சான்றாளரையும், தம் நாட்டையே எதிர்த்து நின்ற அவ்வழக்குரைஞரையும் எண்ணும்போது, குறை அமெரிக்க மக்கள்மேல் இல்லை என்பது தெளிவாகும்.

1986 சூன் 27-ஆம் நாள் தீர்ப்பு வந்தது. அப்போது மன்றத்தின் தலைவர் இந்தியாவின் நாகேந்திர சிங்கு. தலையாய குற்றச்சாட்டுகளில் 12 நடுவர் ஒருபக்கம். அமெரிக்கர், ஆங்கிலேயர், சப்பானியர் ஆகிய மூவர் மறுபக்கம். கொந்திராக்களுக்குப் படைக்கலமும் பயிற்சியும் தந்தது பிறநாட்டு உள்ளாட்சியில் தலையிட்ட குற்றம். துறைமுக நீரில் வெடியிட்டது படைவலியைப் பயன்படுத்திய குற்றம். இழப்புக்கு ஈடு தருதல் வேண்டும் என்பன தீர்ப்பின் சாரம். கொந்திராக்களுக்கென உளவுத்துறை எழுதிப் பரப்பிய போர்க்கையேடு போர் அறத்துக்கு மாறான செயல்களை ஊக்கியது என்றும் மன்றம் கண்டது. அதேபொழுது, கொந்திராக்கள் செய்த கொடுமைகள் ஒவ்வொன்றையும் அமெரிக்காவின் தலையில் ஏற்ற இயலாது என்றும் அத்தீர்ப்பே கூறுகின்றது. நடுவுநிலை என்பது அதுதான்.

தீர்ப்பை நிறைவேற்றுவிக்க வேண்டியது பாதுகாப்பு அவை. அங்கே அமெரிக்காவுக்குத் தடுப்புரிமை உண்டு. 1986 சூலையிலும் அக்டோபரிலும் நிகராகுவா அவ்வவைமுன் சென்றது. இருமுறையும் அமெரிக்கா ஒருநாடே கைதூக்கித் தடுத்தது. குற்றம் சாட்டப்பட்டவனே தீர்ப்பை நிறைவேற்றும் அலுவலனாகவும் அமர்ந்திருந்தால் வேறென்ன நடக்கும்? நவம்பர் 3-ஆம் நாள் பேரவையில் 94 நாடுகள் தீர்ப்பைப் பின்பற்றுமாறு கேட்டன, மறுத்தவை மூன்றே. 1990-இல் நிகராகுவாவில் ஆட்சி மாறியது. 1991 செப்டம்பரில் வழக்கு மன்றப் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டது. ஈட்டுத்தொகை ஒரு காசும் வரவில்லை. தீர்ப்போ நின்றது. வலியநாடு எளியநாட்டின்மேல் மறைமுகமாகப் படையேவும் வழக்கு உலகில் எங்கு எழுந்தாலும், உக்கிரேனியர் ஆயினும் காங்கோவினர் ஆயினும், இன்றும் வழக்குரைஞர் முதலில் புரட்டுவது அத்தீர்ப்பைத்தான்.

இப்பழக்கத்தின் வேர் எங்கேயுள்ளது? முதல் உலகப்போருக்குப்பின் நாடுகளின் கூட்டவை ஒன்றை நிறுவ அரும்பாடுபட்டவர் அமெரிக்கக் குடியரசுத் தலைவர் வில்சன். அவர் கட்டிய வீட்டில் அவர் நாடு குடிபுகவில்லை. 1919-இலும் 1920-இலும் அமெரிக்க மேலவை அவ்வுடன்படிக்கையைத் தள்ளிவிட்டது. இரண்டாம் போருக்குப்பின் நிலை வேறு. 1945-இல் ஒன்றிய நாடுகள் அவையின் பட்டயத்தை மேலவை 89 பேர் இசைய, இருவரே மறுக்க, ஏற்றுக்கொண்டது. 1948 திசம்பர் 10-ஆம் நாள் பாரிசு நகரில் மாந்த உரிமைப் பொதுச் சாற்றுரை நிறைவேறியபோது, அதனை வரைந்த ஆணையத்தின் தலைவராக இருந்தவர் எலினோர் உரூசுவெல்ட்டு அம்மையார். 48 நாடுகள் இசைந்தன, 8 ஒதுங்கின, மறுத்தது ஒன்றுமில்லை. அவ்வம்மையாரின் உழைப்பை எவரும் குறைத்துரைக்க இயலாது.

ஆயினும் அதற்கு ஓராண்டு முன்னர், 1947 அக்டோபரில், தூபாய்சு என்னும் கருப்பின அறிஞர் தொகுத்த முறையீடு ஒன்று ஒன்றிய நாடுகள் அவைக்கு வந்தது. அமெரிக்கக் கருப்பர்க்கு ஒப்புரிமை மறுக்கப்படுவதைச் சான்றுகளோடு உலகின்முன் வைத்த ஏடு அது. கொடுத்தது கருப்பர் முன்னேற்றத்துக்கான பெரிய அமைப்பு; எலினோர் அம்மையார் அதன் ஆட்சிக்குழுவில் இருந்தவர். எனினும் அம்முறையீட்டைப் பேரவைக்குக் கொண்டுசெல்ல அவர் துணைநிற்கவில்லை. சோவியத்து ஒன்றியம் அதனைக் கையிலெடுத்து அமெரிக்காவை இழிவுபடுத்தும் என்பது அச்சம். அச்சம் பொய்யும் அன்று; சோவியத்து எடுக்கவே முனைந்தது. தன் சிறைக்கூடங்களை மறைத்துக்கொண்டு பிறன் வீட்டுக் குப்பையைக் கிளறும் வேலை இருபக்கமும் நடந்த காலம் அது. இடையில் நசுங்கியது கருப்பர் முறையீடு. 1951-இல் பால் இராப்சன் என்னும் பாடகர் முதலியோர் இரண்டாவது முறையீட்டைத் தந்தபோது, இராப்சனின் கடவுச்சீட்டே பறிக்கப்பட்டிருந்தது. நியூயார்க்கிலேயே அவர் அதனைக் கொடுத்தார்.

தென்மாநில மேலவையினர் சிலரை ஆட்டிவைத்த அச்சம் இதுவே: பன்னாட்டு உடன்படிக்கை ஒன்றில் ஒப்பமிட்டால், நிறவேற்றுமைச் சட்டங்களும் கருப்பரைக் கும்பலாகக் கூடித் தூக்கிலிடும் கொடுமையும் உலகமன்றத்தில் உசாவப்படுமே! இவ்வச்சத்தோடு மாநிலங்களின் தன்னாட்சி உரிமை பறிபோகும் என்னும் வாதமும் சேர்ந்தது. பிரிக்கர் என்னும் ஒகையோ மாநில மேலவை உறுப்பினர், உடன்படிக்கைகளின் கையைக் கட்டும் அரசமைப்புத் திருத்தத்தை முன்மொழிந்தார். அதன் ஒருவடிவம் 1954-இல் ஒரே ஒருவர் குறைவால் தோற்றது. அதனைத் தோற்கடிக்க ஐசன்கோவர் ஆட்சி முன்னரே விலைகொடுத்திருந்தது. மாந்த உரிமை உடன்படிக்கைகளில் அமெரிக்கா சேராது என்று அயலுறவு அமைச்சர் தல்லசு 1953-இலேயே மேலவைக்கு வாக்களித்துவிட்டார்.

இனக்கொலைத் தடுப்பு உடன்படிக்கையின் கதை இதனினும் வருத்தந்தருவது. இனக்கொலை என்னும் கருத்துக்கு 1944-இல் தனிச்சொல் ஆக்கித் தந்தவர் இலெம்கின் என்னும் போலந்து யூதர். சொல் பிறந்த நான்காம் ஆண்டில் உடன்படிக்கையும் பிறந்தது; 1948 திசம்பர் 9-இல் பேரவை நிறைவேற்ற, இரண்டே நாளில் அமெரிக்கா ஒப்பமிட்டது. ஆனால் மேலவை ஏற்றால்தான் அது நாட்டைக் கட்டுப்படுத்தும். மேலவையோ அதனைப் பெட்டியில் வைத்துப் பூட்டியது. இலெம்கின் 1959-இல் நியூயார்க்கில் இறந்தார், பெட்டி திறக்கவில்லை. 1967 சனவரியில் பிராக்சுமையர் என்னும் விசுகான்சின் உறுப்பினர், அவ்வுடன்படிக்கையை ஏற்கும்வரை அவை கூடும் ஒவ்வொரு நாளும் அதுபற்றிப் பேசுவேன் எனச் சூளுரைத்தார். பேசினார். ஒருநாள் இருநாள் அன்று, பத்தொன்பது ஆண்டு, 3,211 உரைகள்! ஒரே பொருள்பற்றி, பெரும்பாலும் வெற்றிருக்கைகளின்முன், தளராது பேசிய அம்மாந்தரின் உறுதியை இங்குள்ள இளைஞர் எண்ணிப்பார்த்தல் வேண்டும். 1986 பிப்பிரவரியில் மேலவை இசைந்தது. 1988 நவம்பரில் ஏற்பு முறைப்படி நிறைவேறியது. நாற்பது ஆண்டு!

அப்போதும் ஒரு முடிச்சு. அவ்வுடன்படிக்கையின்கீழ்த் தன்னை உலக முறைமன்றத்துக்கு இழுப்பதாயின், ஒவ்வொரு வழக்குக்கும் தன் இசைவு தனியே வேண்டும் என்று விலக்கு எழுதிக்கொண்டது அமெரிக்கா. அவ்விலக்குக்குப் பயன் இல்லாமற்போகவில்லை. 1999-இல் யூகோசுலாவியா, தன்மேல் குண்டுவீசிய நாடுகளை அம்மன்றத்துக்கு இழுத்தபோது, அமெரிக்காவுக்கு எதிரான வழக்கை மன்றம் பட்டியலிலிருந்து நீக்கியதற்கு அவ்விலக்கே கரணியமாயிற்று.

மற்ற உடன்படிக்கைகளையும் விரைந்து பார்த்துவிடலாம். குடியியல், அரசியல் உரிமை உடன்படிக்கையில் கார்ட்டர் 1977-இல் ஒப்பமிட்டார். மேலவை இசைந்து ஏற்பு முடிய 1992 ஆயிற்று. அதிலும் பதினெட்டு அகவை நிரம்புமுன் குற்றம் செய்தவரைக் கொல்லும் உரிமையை ஒதுக்கி வைத்துக்கொண்டது. அவ்வொறுப்பை அமெரிக்க உச்ச முறைமன்றம் ஒழித்தது 2005-இல். பொருளியல் உரிமை உடன்படிக்கை 1977-இல் ஒப்பமிடப்பட்டு, இன்னும் ஏற்கப்படவில்லை. பெண்கள் உரிமைக்கானதும், 1980-இல் ஒப்பமிடப்பட்டு, அப்படியே கிடக்கின்றது. குழந்தை உரிமை உடன்படிக்கையை 2015-இல் சோமாலியாவும் ஏற்றுக்கொண்டபின், ஏற்காத ஒன்றிய நாடுகள் உறுப்புநாடு அமெரிக்கா ஒன்றே. 2012 திசம்பரில் மாற்றுத்திறனாளர் உடன்படிக்கை மேலவைக்கு வந்தது. போரில் கையூனமுற்ற முதுபெருந்தலைவர் பாப் தோல், 89 அகவையர், சக்கர நாற்காலியில் அவைக்கு வந்து தம் கட்சியினரின் முகத்தைப் பார்த்தார். 61 பேர் இசைந்தனர். 38 பேர் மறுத்தனர். மூன்றில் இரண்டு பங்கு கிட்டவில்லை. தோற்றது.

பன்னாட்டு அமைப்புகளில் சேர்வதும் விலகுவதும் அந்நாட்டுக்கு வாடகை வீடு மாறுவது போல் ஆகிவிட்டது. உலகத் தொழிலாளர் அமைப்பிலிருந்து 1977-இல் விலகி 1980-இல் திரும்பியது. யுனெசுகோவிலிருந்து 1984 இறுதியில் விலகி 2003-இல் திரும்பி, 2018 இறுதியில் விலகி, 2023-இல் திரும்பி, 2025-இல் மீண்டும் விலகுவதாக அறிவித்தது.

1998-இல் உரோமையில் பன்னாட்டுக் குற்றவியல் மன்றம் அமைக்க 120 நாடுகள் இசைந்தன; மறுத்த 7 நாடுகளுள் அமெரிக்கா ஒன்று. (உருசியாவும் சீனமும் இந்தியாவும்கூட இன்றுவரை அதில் உறுப்பல்ல, வலியவர் எல்லாரும் இவ்வொன்றில் ஒரே குலத்தார்.) கிளிண்டன் 2000 திசம்பர் 31-இல், ஒப்பமிடற்குரிய இறுதி நாளில், ஒப்பமிட்டார், புசு ஆட்சி 2002 மே மாதம் அவ்வொப்பத்தால் தனக்குக் கடப்பாடு இல்லை என ஓலை அனுப்பியது. ஆயினும் சூடான் நாட்டுத் தார்பூர்க் கொடுமையை 2005-இல் அம்மன்றத்துக்கு அனுப்பியபோது அமெரிக்கா தடுக்கவில்லை. 2011-இல் இலிபியாவை அனுப்ப இசைவே தந்தது. 2023-இல் உருசியத் தலைவர் பூதின்மேல் பிடியாணை பிறந்தபோது, அது முறையானதே என்றார் பைடன். 2024 நவம்பரில் இசுரேல் தலைமையமைச்சர்மேல் அதே மன்றம் பிடியாணை பிறப்பித்தபோது, அதே பைடன் அது மானக்கேடு என்றார். 2025 பிப்பிரவரியில் திரம்பு, மன்றத்தாரையே ஒறுக்க ஆணையிட்டார்.

இனி, தமிழர் நெஞ்சைத் தொடும் இடத்துக்கு வருவோம். செனீவாவிலுள்ள மாந்த உரிமை மன்றம் 2006-இல் அமைக்கப்பட்டபோது, எதிர்த்த நான்கு நாடுகளுள் அமெரிக்கா ஒன்று. மூன்றாண்டு ஒதுங்கி நின்றது. முள்ளிவாய்க்காலில் குருதி உலருமுன், 2009 மே 27-ஆம் நாள் அம்மன்றத்தின் சிறப்பமர்வில் இலங்கை அரசைப் பாராட்டும் முடிவு நிறைவேறியது. 29 நாடுகள் இசைந்தன, இந்தியா உட்பட, 12 மறுத்தன. அமெரிக்காவின் உறுப்புக்காலம் தொடங்கியதோ அதற்கடுத்த மாதம். ஒரு நாடு கூடியிருந்தால் 29 என்பது 12-க்குத் தோற்றிருக்காது என்பது உண்மையே. ஆனால் அந்நாடு உள்ளே இருந்து முனைந்தால் என்ன நடக்கும் என்பதை 2012 காட்டியது. அவ்வாண்டு மார்ச்சில் அமெரிக்கா கொண்டுவந்த வரைவுக்கு 24 நாடுகள் இசைந்தன. இந்தியாவும் இம்முறை இசைந்தது. வரைவு கேட்டதோ மிகச்சிறிது: இலங்கை தானே அமைத்த ஆணைக்குழுவின் பரிந்துரைகளை நிறைவேற்றுக என்பதே. 2013-இல் தமிழ்நாட்டு மாணவர் உண்ணாநோன்பிருந்து தெருவில் இறங்கியது, அவ்வரைவுகள் போதா என்னும் கொதிப்பால்தான். 2014-இல் மன்றத்தின் உசாவலுக்கே வழி பிறந்தது. 2015-இல், அயல்நாட்டு நடுவரும் பங்குபெறும் உசாவல்முறைக்கு இலங்கையே இசைந்து கைச்சாத்திட்டது.

2018 சூன் 19-ஆம் நாள் அமெரிக்கா அம்மன்றத்தை விட்டு வெளியேறியது. இசுரேல்மேல் மன்றத்துக்குள்ள ஓரவஞ்சனையே முதன்மைக் கரணியமாகக் கூறப்பட்டது. ஈழத்து அன்னையர் தெருவோரப் பந்தலில், காணாமற்போன பிள்ளைகளின் படங்களோடு ஓராண்டுக்கு மேலாக அமர்ந்திருந்த காலம் அது. அவர்களை ஒறுக்க வேண்டும் என்று அமெரிக்கா விலகவில்லை. அவர்களை எண்ணிப்பார்க்கவே இல்லை. வல்லரசின் துணையை நம்பும் சிறு தேசிய இனங்கள் அறியவேண்டிய நுட்பம் இங்கேயுள்ளது: அக்கை நீள்வதும் மடங்குவதும் வேறெங்கோ உள்ள கணக்கால். 2020 பிப்பிரவரியில் அமெரிக்கா, இலங்கைப் படைத்தலைவர் சவேந்திர சில்வா தன் மண்ணில் கால்வைக்கத் தடைவிதித்தது. அம்மாதமே இலங்கை, 2015-இல் இட்ட கைச்சாத்திலிருந்து விலகுவதாக அறிவித்தது. தன் வீட்டு வாயிலைத் தானே அடைக்க அமெரிக்காவால் இயன்றது. பொதுமன்றத்தில் எழுந்து கேட்க அங்கே அதற்கு இருக்கையில்லை.

2021 மார்ச்சு 23-ஆம் நாள் செனீவாவில் பிரித்தானியா முதலிய நாடுகள் கொண்டுவந்த வரைவு நிறைவேறியது. 22 நாடுகள் இசைந்தன, 11 மறுத்தன, 14 ஒதுங்கின. ஒதுங்கியவற்றுள் இந்தியா ஒன்று. போர்க்குற்றச் சான்றுகளைத் திரட்டிப் பேணி, எந்நாட்டு முறைமன்றத்திலேனும் பின்னர்ப் பயன்படுமாறு வகைப்படுத்தும் அலுவலகம் ஒன்றுக்கு அவ்வரைவே அடிகோலியது. 2022 அக்டோபரில் அதன் பணியை நீட்டிக்க 20 நாடுகள் இசைந்தபோது, அமெரிக்கா திரும்பி வந்து அவற்றுள் ஒன்றாக இருந்தது. 2025 பிப்பிரவரியில், இனி அம்மன்றத்தில் பங்கேற்பதில்லை என மீண்டும் ஆணை பிறந்தது. ஈழத்துத் தாய் ஒருத்தி தன் மகனைப் படையினரிடம் கையளித்த நாளையும் இடத்தையும் கூறி ஒப்பமிட்ட வாக்குமூலம் சென்று சேரவேண்டிய அவ்வலுவலகம், அமெரிக்கா உறுப்பாக இல்லாத அவையில், 22 நாடுகளின் கையால் பிறந்தது.